வீட்டுத் தோட்டத்தில் காட்டுக் கரண்ட்

ராக்கி மலைகளின் அடிவாரத்திலிருந்து மிசௌரி நதி பாயும் சமவெளி வரையில், ஓடைக்கரைகளிலும் பள்ளத்தாக்குகளிலும் எவருடைய பராமரிப்பையும் எதிர்பாராமல் வளர்ந்து, வசந்தத்தில் பொன்னிறமாகப் பூத்து, கோடையில் மஞ்சளும் சிவப்பும் கறுப்புமாகக் கனிந்து நிற்கும் கரண்ட் புதரை அமெரிக்கத் தோட்டக்காரர்கள் நெடுங்காலம் வேலிக்கு வெளியிலேயே நிறுத்திவைத்திருந்தார்கள். கனி சிறியது, ஒரே சமயத்தில் பழுப்பதில்லை, நுனியில் காய்ந்த பூ ஒட்டிக்கொண்டிருக்கிறது என்று வியாபாரிகள் குறை கூறினார்கள். பைன் மரங்களுக்குப் பகை என்று வனத்துறையார் குற்றம் சாட்டினார்கள். ஐரோப்பாவிலிருந்து வந்த கரண்டையே உண்டு பழகியவர்களுக்கு இது தாழ்ந்த சரக்காகத் தோன்றிற்று. இந்த மூன்று ஆட்சேபங்களையும் எடுத்து விசாரித்தால், வியாபாரத்துக்கு ஆகாத குணங்களில் பல வீட்டுத் தோட்டத்துக்கு மிகவும் உகந்தவை என்பதும், வனத்துறையாரின் குற்றச்சாட்டில் உண்மை இருந்தாலும் அது எல்லாச் செடிக்கும் எல்லா இடத்துக்கும் ஒரே அளவில் பொருந்துவதன்று என்பதும் புலப்படும்.

செடி இன்னதென்று முதலில் நிர்ணயித்துக்கொள்வோம். கேக்கில் இடும் பொடித் திராட்சை வற்றலையும் கரண்ட் என்று சொல்லும் வழக்கம் உண்டாயினும் அதற்கும் இதற்கும் யாதொரு சம்பந்தமும் இல்லை. நம் கடைகளில் 'பிளாக் கரண்ட்' என்று விற்கும் ஐஸ்கிரீமின் ருசி எந்தப் பழத்தினுடையதோ, அந்தப் பழத்தின் குலம் இது. தாவர சாஸ்திரிகள் இக்குலத்துக்கு ரைபிஸ் என்று பெயரிட்டு, ஏறக்குறைய 150 ஜாதிகளை இதில் அடக்கியிருக்கிறார்கள். முள்ளுள்ளவை பெரும்பாலும் கூஸ்பெரி என்றும் முள்ளில்லாதவை கரண்ட் என்றும் வழங்கும். பூமியின் வடபாகத்துக் குளிர்ப் பிரதேசங்களிலும், தெற்கே ஆண்டிஸ் மலைத்தொடரிலும், நம் இமயத்தின் சரிவுகளிலும்கூட இக்குலத்தார் உண்டு. ஆனால் மாதக்கணக்கில் நீடிக்கும் குளிரில் இலையுதிர்த்து உறங்கி எழுந்தாலன்றி இவை ஒழுங்காகப் பூப்பதில்லை. ஆகையால் தமிழ்நாட்டுச் சமவெளியில் இதைப் பயிரிட ஆசைப்படுவதற்கில்லை. இந்தச் செடியின் கதை இதன் சொந்த மண்ணிலேயே நடக்கிறது.

அந்த மண்ணின் பழங்குடி மக்களுக்கு இது புதுப் பொருளன்று. சமவெளியில் வாழ்ந்தோர் காட்டெருமை இறைச்சியை உலர்த்தி இடித்து, உருக்கிய கொழுப்பும் உலர்ந்த பழங்களும் சேர்த்துப் பிசைந்து பெம்மிகன் என்னும் நெடுநாள் கெடாத உணவைத் தயாரித்தபோது, கிடைத்த இடங்களில் கரண்ட் கனியும் அதில் சேர்ந்தது. தென்மேற்கில் வாழும் ஸூனி மக்கள் மெழுகுக் கரண்டின் இலையைக்கூடக் கொழுப்புடன் உண்டார்கள். வெள்ளையரில் இப்பழத்தின் அருமையை எழுத்தில் பதிவு செய்தவர்களுள் முக்கியமானவர் மேற்குப் பிரதேசத்தை ஆராயச் சென்ற பயணியான மெரிவெதர் லூயிஸ். 1805ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில், இன்றைய மொன்டானா மாநிலத்தில் மிசௌரி நதியின் மேற்பகுதியைத் தம் கூட்டத்தாருடன் கடந்துகொண்டிருந்த அவர், வழியெங்கும் பல நிறக் கரண்ட் கனிகள் பழுத்திருக்கக் கண்டு, அவற்றுள் மஞ்சள் கரண்ட் தம் நாட்டுத் தோட்டங்களில் வளரும் கரண்டைக் காட்டிலும் எவ்வளவோ மேலானது என்று நாட்குறிப்பில் எழுதிவைத்தார். மாதக்கணக்கில் இறைச்சியே உண்டு வந்தவனுக்கு எந்தப் பழமும் அமிர்தமாக இருக்கும் என்று நாம் சந்தேகிக்கலாம். ஆயினும் பிற்காலத்தார் அனுபவம் அவருடைய அபிப்பிராயத்தைப் பொய்யாக்கவில்லை. அவருடைய பயணத்தில் சேகரமான தாவரங்கள் பலவற்றை ஆராய்ந்து விவரித்த ஃபிரெடரிக் பர்ஷ் என்பவரே அந்த மஞ்சள் கரண்டுக்கு 'பொன்மயமானது' என்று பொருள்படும் 'ஆரியம்' என்ற பெயரைச் சூட்டினார்.

அமெரிக்கக் காட்டு ஜாதிகள் எல்லாவற்றையும் தோட்டத்துக்குச் சிபாரிசு செய்வதற்கில்லை. சதுப்புக் காடுகளில் படர்ந்து கிடக்கும் சிவப்புக் காட்டுக் கரண்டு நல்ல புளிப்புடையதாயினும் ஈரமும் நிழலும் குளிரும் ஒருங்கே வேண்டுவது. ஸ்கங்க் கரண்டு என்பதைக் கசக்கினாலே அப்பெயர் கொண்ட பிராணியின் நாற்றம் வீசும். அதைத் தேடிப் போய் நடுகிறவர்கள் ஆராய்ச்சிக்காரர்களாகவே இருக்க வேண்டும். மெழுகுக் கரண்டு வறண்ட பாறைச் சரிவில் எதையும் தாங்கி நிற்கும் தைரியசாலி. ஆனால் அதன் சிவந்த கனி பார்வைக்குத்தான் அழகு, வாயில் சாரமற்றது. கிழக்குப் பகுதிகளுக்கு உரிய அமெரிக்கக் கறுப்புக் கரண்டு, இலையடியில் பொற்பொட்டுப் போன்ற பிசின் புள்ளிகளை உடையது. பச்சையாகத் தின்பதற்குக் காரமான ஒரு வாடை இருந்தாலும் காய்ச்சினால் அவ்வாடை அடங்கி நல்ல ஜெல்லி ஆகும். கலிபோர்னியாவிலோ கனியைவிடப் பூவுக்கும் இலைக்குமே மதிப்பு. அங்கே குன்றுப் புதர்க்காடுகளில் வளரும் ஒரு ஜாதி நடுக் குளிர்காலத்திலேயே இளஞ்சிவப்பாகப் பூத்து, பூவில்லாத பருவத்தில் ரீங்காரச் சிட்டுகளுக்குத் தேன் அளிக்கிறது. சாண்டா கேட்டலினா தீவுக்குரிய மற்றொன்று என்றும் பசுமை மாறாமல், கருவாலி மரங்களின் வறண்ட நிழலில், வேறெதுவும் வளர மறுக்கும் இடத்தில் தரையை மூடிக்கொள்கிறது.

பூவுக்காகப் புகழ் பெற்றவற்றுள் தலையாயது செம்பூக் கரண்டு. பசிபிக் கரையோரத்தில் இயற்கையாக வளரும் இதை, 1790-களில் ஆர்ச்சிபால்ட் மென்ஸீஸ் கண்டு சேகரித்திருந்தாலும், விதை அனுப்பித் தோட்டப் பயிராக்கியவர் ஸ்காட்லாந்துக்காரரான டேவிட் டக்ளஸ். லண்டன் தோட்டக்கலைச் சங்கத்தின் சார்பில் 1825இல் கொலம்பியா நதிப் பிரதேசத்துக்கு வந்த அவர் அனுப்பிய விதைகளில், இந்த ஒரு செடி தந்த பயனே அவருடைய பிரயாணச் செலவு முழுவதற்கும் ஈடாயிற்று என்று அக்காலத்தில் சொல்லிக்கொண்டார்கள். இன்றைக்கும் இங்கிலாந்தின் வீட்டு முற்றங்களில் வசந்தம் வந்ததற்கு அடையாளம் இச்செடியே. சொந்த நாட்டில் புதர்க்காடாகக் கிடந்த ஒன்று அயல்நாட்டில் அலங்காரமாகி, பிறகு அங்கே தேர்ந்தெடுத்த இனங்களாகத் தாய்நாட்டு நாற்றங்கால்களுக்குத் திரும்பி வந்தது விசித்திரமே. ஆனால் இதன் நீலங்கறுத்த கனி சப்பென்று இருக்கும். அதைப் பறவைகளுக்கு விட்டுவிடுவதே உசிதம்.

கனியும் பூவும் ஒருங்கே வேண்டுவோர் நாட வேண்டியது லூயிஸ் புகழ்ந்த பொற்கரண்டையும், சமவெளியின் நடுப்பகுதியில் வளரும் அதன் நெருங்கிய உறவான கிராம்புக் கரண்டையும்தான். இவ்விரண்டையும் ஒரே ஜாதியின் பிரிவுகளாகவே இக்காலத்துச் சாஸ்திரிகள் பெரும்பாலும் கொள்கிறார்கள். ஆள் உயரமும் அதற்குச் சற்று மேலும் வளரும் இப்புதர், ஏப்ரல், மே மாதங்களில், குழாய் போன்ற மஞ்சள் பூக்களைக் கொத்துக் கொத்தாகத் தாங்கும்போது, கிராம்பின் வாசனை தோட்டம் முழுவதும் பரவும். குழாய் நீளமாயிருப்பதால் சாதாரணத் தேனீக்கு அடிவரை நாக்கு எட்டாது. பருத்த பம்பிள் தேனீயும் ரீங்காரச் சிட்டுமே இதன் உரிமை விருந்தினர். கறுப்பாகப் பழுக்கும் செடிகளிலும், ஐரோப்பியக் கறுப்புக் கரண்டில் பலர் வெறுக்கும் பூனைவாடை சிறிதும் கிடையாது. இலையுதிர்காலத்தில் இலைகள் சிவந்து மற்றொரு முறை புதரை அலங்கரிக்கின்றன. பூ, மணம், கனி, இலை என்று நான்கும் தருகிற புதர்கள் குளிர்தேசத்துத் தோட்டங்களில் அதிகம் இல்லை.

இனி வனத்துறையாரின் வழக்கை விரிவாகக் கேட்பது நியாயம். ஏனெனில் இக்குலத்தின் மீது ஒரு தேசமே அரை நூற்றாண்டு போர் நடத்திற்று. கொத்துக்கு ஐந்து ஊசியிலை தாங்கும் பைன் மரங்களைக் கொல்லும் கொப்புளத் துரு நோய் ஆசியாவில் தோன்றி ஐரோப்பாவில் பரவிய ஒரு பூஞ்சையால் உண்டாவது. இப்பூஞ்சைக்கு வாழ்வு முற்றுப்பெற இரண்டு இல்லங்கள் வேண்டும். பைனின் பட்டையில் கொப்புளமாக வெடித்து வசந்தத்தில் வெளிப்படும் செம்மஞ்சள் ஸ்போர்கள் காற்றில் நூற்றுக்கணக்கான மைல் பறந்து சென்று கரண்ட், கூஸ்பெரி இலைகளின் அடிப்புறத்தைப் பற்றுகின்றன. கோடை முழுவதும் அங்கே பெருகி, இலையுதிர்காலத்துக் குளிர்ந்த ஈரத்தில் வேறு வகை ஸ்போர்களை உண்டாக்கி, அவற்றின் மூலம் மீண்டும் பைனின் ஊசியிலைக்குள் புகுந்து, கிளை வழியே அடிமரத்தை எட்டி, பட்டையைச் சுற்றி வளைத்து மரத்தைக் கொல்கின்றன. பைனிலிருந்து பைனுக்கு இந்நோய் நேரே தொற்றாது. கரண்டுக்கோ இதனால் இலை சற்று முன்னதாக உதிர்வதைத் தவிரப் பெரிய நஷ்டம் இல்லை.

அமெரிக்காவின் சொந்த மரமாகிய வெள்ளைப் பைனின் நாற்றுகளையே, மலிவாகக் கிடைக்கிறதென்று ஜெர்மனி தேசத்து நாற்றங்கால்களிலிருந்து வரவழைத்தபோதுதான் நோயும் கப்பலேறி வந்தது என்பதை இங்கே மறந்துவிடலாகாது. 1906இல் நியூயார்க் மாநிலத்து ஜெனீவா நகரில் கரண்ட் செடிகளில் அது முதலில் கண்டறியப்பட்டது. மேற்குக் கரையில், பிரான்சிலிருந்து வான்கூவருக்கு 1910இல் வந்த பைன் நாற்றுகளுடன் சேர்ந்து வந்த நோய் 1921இல் வெளிப்பட்டது. தாவரங்களின் இறக்குமதியைக் கட்டுப்படுத்தும் 1912ஆம் ஆண்டுச் சட்டம் பிறப்பதற்கு இந்நோயும் ஒரு காரணம். கறுப்புக் கரண்டை நடுவது தடை செய்யப்பட்டது; பைன் காடுகளின் அருகே இக்குலத்துச் செடிகளையே பூண்டோடு ஒழிப்பதென்று தீர்மானித்தார்கள். பொருளாதாரச் சரிவின் காலத்தில் வேலையற்ற இளைஞர்களுக்காக 1933இல் ஏற்பட்டு 1942 வரை நடந்த சிவிலியன் கன்சர்வேஷன் கோர் என்ற அமைப்பின் ஆட்கள், காட்டில் நூல் கட்டி வரிசை பிரித்து, மலைமலையாக ஏறி இறங்கி, கோடிக்கணக்கான புதர்களைப் பிடுங்கி எறிந்தார்கள்.

இவ்வளவு உழைப்பின் பலன் என்ன? மரங்களும் கரண்டும் கலந்து நெருங்காத கிழக்குப் பகுதிகளில் ஓரளவு பலன் இருந்தது என்றே சொல்ல வேண்டும். மேற்கு மலைகளிலோ தோல்வி. கரண்டின் விதை மண்ணுக்கடியில் பல பத்தாண்டுகள் உயிரோடு கிடக்கும் சுபாவமுள்ளது. புதரைத் தோண்டும்போது கிளறப்பட்ட மண்ணே புதிய நாற்றுகளுக்கு மெத்தையாயிற்று. போதாக்குறைக்கு, காட்டில் வளரும் வேறு சில பூச்செடிகளும் அப்பூஞ்சைக்கு இடம் கொடுக்கும் என்பது பிற்காலத்தில் தெரியவந்தது. 1966இல் மத்திய அரசு தன் தடையை நீக்கிப் பொறுப்பை மாநிலங்களிடம் விட்டது. நியூயார்க் மாநிலம் 2003இல் தன் தடையைத் தளர்த்திற்று. வடகிழக்கு மாநிலங்கள் சிலவற்றில் இன்றும் தடையோ அனுமதிச் சீட்டு முறையோ உண்டு. நோயைத் தாங்கும் பைன்களைத் தேர்ந்து வளர்ப்பதிலேயே இப்போது நம்பிக்கை வைத்திருக்கிறார்கள். ஆயினும் நோய் ஒழியவில்லை. உயர்ந்த மலைமுடிகளில் வாழும் வெண்பட்டைப் பைன், பெரும்பாலும் இந்நோயின் காரணமாகவே, 2022இல் அபாயத்துக்குள்ளான இனங்களின் பட்டியலில் சேர்க்கப்பட்டது.

இவற்றிலிருந்து வீட்டுத் தோட்டக்காரர் கொள்ள வேண்டிய முடிவு எது? பைனிலிருந்து புறப்படும் ஸ்போர் நெடுந்தூரம் போனாலும், கரண்டிலிருந்து பைனுக்குத் திரும்பும் ஸ்போர் மிக மெல்லியது. காற்றும் வெயிலும் பட்டால் விரைவில் மடியும். ஆகவேதான் பழைய விதிகள் சுமார் 900 அடி இடைவெளி போதுமென்று கொண்டன. நோயை மிகுதியாகப் பெருக்கும் ஐரோப்பியக் கறுப்புக் கரண்டுக்கு மட்டும் ஒரு மைல் வரை வேண்டுமென்றன. பொற்கரண்டும் நோய்க்கு முற்றிலும் அப்பாற்பட்டதன்று. ஆனால் கான்ஸாஸ், நெப்ராஸ்கா போன்ற சமவெளி மாநிலங்களில் ஐந்தூசிப் பைன் காடுகளே கிடையாது; அங்கே இச்செடியை அஞ்சுவது வீண். மாறாக, மெயின் மாநிலத்தில் வெள்ளைப் பைன் தோப்பின் ஓரத்தில் வீடு கட்டியிருப்பவர் ஒரு கூடைப் பழத்துக்காக அயலாருடைய மரங்களைப் பணயம் வைப்பது, சட்டம் அனுமதித்தாலும், நியாயமாகாது என்பது என் கருத்து.

பயிரிடும் முறையில் சொல்லுவதற்கு அதிகம் இல்லை. அதுவே இச்செடியின் பெருமை. விதையை ஈரமணலில் கலந்து, உறைநிலைக்குச் சற்று மேலான குளிரில் மூன்று மாதமேனும் வைத்திருந்து விதைக்க வேண்டும். இல்லையேல் இலையுதிர்காலத்திலேயே வெளியில் விதைத்துவிட்டுப் பனியை வேலை செய்ய விடலாம். குளிர்காலத்தில் வெட்டிய முற்றிய குச்சிகள் வேர்பிடிக்கும். தாழ்ந்த கிளையை மண்ணில் வளைத்துப் பதியம் போடுவது இன்னும் சுலபம். சுண்ணாம்புச் சத்துள்ள மண், களிமண், மணல் எல்லாவற்றையும் பொறுத்துக்கொள்ளும். முதல் இரண்டு கோடைகளில் தவறாமல் நீர் பாய்ச்சி, மூடாக்கு இட்டு வேரூன்றச் செய்துவிட்டால், பிறகு வறட்சியைத் தானே சமாளிக்கும். எருவை வாரிக் கொட்டினால் தளதளவென்று வளர்ந்து அசுவினிக்கு விருந்தாகும். இளங்கிளைகளே நன்றாகக் காய்ப்பவையாதலால், நான்கு வயதுக்கு மேற்பட்ட தண்டுகளை ஆண்டுதோறும் குளிர்காலக் கவாத்தில் அடியோடு நீக்கிவிட வேண்டும். தனிச் செடி தன் மகரந்தத்தால் சரியாகக் காய்ப்பதில்லை. வெவ்வேறு விதையிலிருந்து பிறந்த இரண்டு செடிகளாவது அருகருகே இருக்க வேண்டும்.

குறைகளை மறைத்துப் பயனில்லை. வேரிலிருந்து பக்கக் கன்றுகள் கிளம்பிப் புதர் நாலாபுறமும் பரவும். ஓடைக்கரை மண்ணைக் காப்பதற்கு நல்ல குணமாகிய இது, சிறு தோட்டத்தில் மண்வெட்டிக்கு வருஷந்தோறும் வேலை வைக்கும். பழ ஈ முட்டையிட்ட கனிகள் முன்னதாகவே நிறம் மாறி உதிரும். அவற்றைப் பொறுக்கி அழிக்காவிட்டால் அடுத்த ஆண்டு தொல்லை இரட்டிக்கும். மான் தளிரைத் தின்னும். வலை போடாவிட்டால் ராபின் பறவை நமக்கு முன்னால் அறுவடை செய்துவிடும்.

அடுக்களையில் இக்கனியை ஆள்வதற்குச் சிறிது பொறுமை தேவை. நிறம் மாறிய உடனே பறித்தால் புளிப்பு. மேலும் ஒரு வாரம் செடியிலேயே விட்டால் இனிப்பு ஏறும். அப்படியே தின்பதற்கும் பை என்னும் பலகாரத்துக்கும் நுனியில் காய்ந்த பூவைக் கத்தரிக்கோலால் நறுக்க வேண்டியிருக்கிறது. இது உட்கார்ந்து கதை பேசிக்கொண்டே செய்வதற்கு ஏற்ற வேலை. பொறுமை இல்லாதவர் ஜெல்லி செய்வது நலம். கனிகளைச் சிறிது நீரில் வேகவைத்து, மெல்லிய துணியில் கட்டித் தொங்கவிட்டுச் சாற்றை மாத்திரம் எடுப்பதால், பூவும் விதையும் காம்பும் துணியிலேயே தங்கிவிடும். துணியைப் பிழிந்தால் சாறு கலங்கும். செங்காய்களில் பெக்டின் மிகுதியாதலால் பழுத்தவற்றோடு அவற்றையும் கொஞ்சம் சேர்த்துக்கொண்டு, சர்க்கரையுடன் கொதிக்கவைத்து, நீர் கொதிக்கும் வெப்பத்துக்கு 4 பாகைக்குச் சற்று அதிகமாக ஏறும்போது இறக்க வேண்டும். கடல்மட்டத்தில் இது சுமார் 104 பாகை சென்டிகிரேட். ஆனால் பொற்கரண்டு வளரும் ஊர்கள் பல உயர்ந்த மேட்டுநிலத்தில் இருப்பவை. ஒரு மைல் உயரத்திலுள்ள டென்வர் நகரில் நீர் 95 பாகையிலேயே கொதித்துவிடுவதால், புத்தகத்தைப் பார்த்து 104 வரை காத்திருப்பவர் ஜெல்லிக்குப் பதில் கெட்டிப் பாகையே காண்பார். இறைச்சியோடு இதை உண்பது அந்நாட்டார் வழக்கம். வெயிலில் உலர்த்திச் சேமிப்பதும் உண்டு.

ஒரே செடியில் ஜூன் கடைசி தொடங்கி ஆகஸ்டு வரை சிறிது சிறிதாகப் பழுப்பதுதான் பண்ணைக்காரர் இதைக் கைவிட்டதற்கு முதற் காரணம். இயந்திரத்தால் ஒரே வீச்சில் உதிர்த்து எடுக்கத்தக்க ஐரோப்பியக் கறுப்புக் கரண்டு பிரிட்டனில் பெரும் பயிராக, இரண்டாம் உலகப் போரின்போது அதன் சர்பத்தை வைட்டமின் 'சி'க்காகக் குழந்தைகளுக்கு இலவசமாக வழங்கும் அளவுக்கு விருத்தியடைந்தது. பொற்கரண்டுக்கு அந்தப் பாக்கியம் கிட்டவில்லை. ஆனால் ஒரு குடும்பத்துக்கு ஒரே நாளில் இருபது படி பழம் எதற்கு? தினமும் காலையில் ஒரு கிண்ணம் என்று பல வாரங்கள் கிடைப்பதல்லவா வசதி?

வியாபாரம் கவனியாத காரணத்தால் இச்செடியில் தேர்வு செய்யும் வேலையும் பெரும்பாலும் நடைபெறாமலே இருக்கிறது. கான்ஸாஸ் மாநிலத்தில் கிடைத்து 1888இல் விற்பனைக்கு வந்த 'கிராண்டல்' என்னும் பெரிய கறுப்புக் கனி தரும் இனமே, நூறாண்டு கடந்தும், நாற்றங்கால் பட்டியல்களில் முதலிடம் வகிக்கிறது. அயல்நாடுகளில் இந்த ஜாதி, ரஷ்யாவின் வறண்ட புல்வெளிகளில் காற்றுத்தடுப்பு வரிசையாகவும், ஐரோப்பாவில் கரண்டையும் கூஸ்பெரியையும் சிறு மரம்போல் உயர்த்தி வளர்க்க ஒட்டுக்கு வேர்ச்செடியாகவும் பயன்பட்டிருக்கிறது. விதை நாற்றுகள் ஒன்றுக்கொன்று நிறத்திலும் பருமனிலும் இனிப்பிலும் மிகவும் வேறுபடுவதால், பத்துப் பன்னிரண்டு நாற்றுகளை வேலியோரமாக நட்டு, காய்த்தபின் ருசி பார்த்து, தேறியவற்றுக்கு நாடா கட்டி அடையாளம் வைத்து, மற்றவற்றைப் பறவைகளுக்கு விட்டுவிட்டு, அடையாளம் வைத்தவற்றின் கிளைகளை அதே ஆண்டு இலையுதிர்காலத்தில் பதியம் போடுவது எந்த வீட்டுக்காரராலும் ஆகக்கூடிய காரியம். அவ்வாறு தேர்ந்த செடியின் பதியத்தை அயலார் இருவர் மூவருக்குக் கொடுத்துவைத்தால், ஒரு தோட்டத்தில் அழிந்தாலும் மற்றொன்றில் அது இருக்கும்.